நடுவில் நிறுத்திய மேளம்

கதிர்,

எனக்குக் கடிதம் எழுதிப் பழக்கமில்லை. செம்பனை எண்ணெய் ஆலையில் இருபத்திரண்டு வருஷம் கொதிகலன் பார்த்தவன் எழுதியதெல்லாம் நீராவி அளவும் நேரமும்தான். போனில் சொல்லலாம் என்றால், நான் வாயைத் திறப்பதற்குள் நீ “சரிப்பா, சரிப்பா” என்று மூடிவிடுவாய். குரல் பதிவு அனுப்பலாம் என்று இரண்டு தடவை பேசியும் பார்த்தேன். திரும்பப் போட்டுக் கேட்டதும் அழித்துவிட்டேன். உன் கையில் ஒரு குரல் சிக்கினால் அது என்ன பாடு படும் என்று கண்ணால் பார்த்துவிட்டேனே, என் குரலையும் இழுத்து நீட்டி ஏதாவது பேய்க்கு வைத்துவிடுவாய். விளையாட்டுக்குத்தான் சொல்கிறேன், ஆனால் முழுக்க விளையாட்டும் இல்லை. வெள்ளிக்கிழமை நீ விமானம் ஏறுகிறாய். குளிர் நாட்டில் நாற்பது பேர் வயலினும் செல்லோவும் வைத்துக்கொண்டு, நீ எழுதியதை வாசிக்கக் காத்திருக்கிறார்கள். அதற்கு முன் இதை நீ படித்துவிட வேண்டும். நாளைக் காலை சிரம்பான் பக்கத்து ராசாவிலிருந்து கிளம்பி வந்து உன் கதவுக்கு அடியில் தள்ளிவிட்டுப் போய்விடுவேன். முகத்தைப் பார்த்துச் சொல்லுகிற துணிவு உன் அப்பனுக்கு இல்லை.

பத்து நாளைக்கு முன், அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், கோலாலம்பூரில் உன் அறையில் என்னை உட்கார வைத்தாய். சுவர் முழுக்கப் பஞ்சு ஒட்டியிருந்தது. மூன்று திரை, இரண்டு விசைப்பலகை, ஏகப்பட்ட வயர், மூலையில் மீ கோரேங் சாப்பிட்டுக் கழுவாத தட்டு. நாற்காலியிலிருந்த உன் சட்டைகளை எடுத்துத் தரையில் போட்டுவிட்டு என்னை அதில் உட்காரச் சொன்னாய். “பா, படத்துல பாட்டே இல்ல. முழுக்க பேக்ரவுண்டுதான். நான்தான் பயமுறுத்தணும்,” என்றாய். எஸ்டேட்டில் நடக்கிற பேய்ப்படம். அந்த உருவம் வருகிற எட்டு இடத்திலும் அது கண்ணில் படுவதற்கு முன்னால் காதில் வந்துவிட வேண்டும் என்று டைரக்டர் சொல்லியிருக்கிறார் என்றும் சொன்னாய். அப்புறம் அந்தப் பெரிய ஹெட்ஃபோனை என் தலையில் மாட்டினாய்.

முதலில் வயலின்கள் வந்தன. அது ஆள் வாசித்தது இல்லை, இப்போதைக்கு மெஷின்தான், வெளிநாட்டில் நிஜ ஆட்கள் வாசித்ததும் இதை எடுத்துவிடலாம் என்று என் காதுப் பக்கம் குனிந்து விளக்கினாய். கீழே செல்லோ, அதற்கும் கீழே மெஷினின் முனகல். ஆள் எங்கே முடிந்து மெஷின் எங்கே ஆரம்பிக்கிறது என்று யாருக்கும் தெரியக்கூடாது, அதுதான் உன் வேலை என்றாய். பெருமையாக இருந்தது. மேளம் அடித்தவன் காதுக்கு ஒன்று புரியும், கதிர். நீ அவசரப்படுவதில்லை. வருகிறது, வருகிறது என்று கேட்கிறவனைக் காக்க வைக்கிறாய். அது சொல்லிக்கொடுத்து வருவதில்லை. என் பிள்ளை தேறிவிட்டான் என்று நான் நினைத்துக்கொண்டிருந்த நேரத்தில் எல்லாவற்றுக்கும் அடியிலிருந்து அந்த உறுமல் எழுந்து வந்தது. நீளமாக, ஈரமாக, ஒரு மிருகம் பேசக் கற்றுக்கொள்வது போல.

ஹெட்ஃபோனைக் கழற்றிவிட்டு அது என்ன என்று கேட்டேன். நீ சிரித்தாய். அம்மா போன பிறகு பிஸ்கட் டின்னிலிருந்து எடுத்துப் போன கேசட்டுகளில் ஒன்று என்றாய். எட்டு மடங்கு மெதுவாக்கியிருக்கிறேன் என்றாய். அப்புறம் நீ கேட்ட கேள்விதான் பத்து நாளாக என்னைத் தின்கிறது.

“பா, இது எப்படி இவ்ளோ க்ளீனா இருக்கு? கோயில் ரெக்கார்டிங்னா மேளம் எல்லாத்தையும் அமுக்கிடும். இதுல மேளம் படக்குனு நின்னுருது, அந்த ஆளு குரல் மட்டும் தனியா நிக்குது. லக்கி லா. நாப்பது பேரும் இந்தக் குரலோட சுருதிலதான் வாசிக்கப் போறாங்க.”

நான் நல்லா இருக்கு என்றேன். தண்ணீர் கேட்டுக் குடித்தேன். பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று பொய் சொல்லிவிட்டு வந்துவிட்டேன்.

மேளம் நின்றது நான் நிறுத்தியதால். அந்தக் குரல் உன் பவுனு அத்தையின் புருஷன் பாலன் மாமாவுடையது.

உனக்கு அவரை நினைவிருக்காது, உனக்கு அப்போது மூன்று வயசு. புக்கிட் பெலண்டோக் பக்கத்தில் நம் தோட்டத்து லய வீட்டு வரிசையில் நமக்கும் அவர்களுக்கும் நடுவே ஒரு பலகைச் சுவர். நான் ஆலையில், பாலன் பழக்குலை ஏற்றுகிற லாரியில். செம்பனைக்குள்ளே ஒரு முனியாண்டி கோயில் இருந்தது. அதன் திருவிழாவுக்கு உறுமி அடிப்பவன் நான், சாமி வருவது பாலன் மேல். என் குச்சி தோலில் உரசி உறுமல் எழும்ப ஆரம்பித்ததும் பாலனின் வலது கால் முதலில் ஆடும். அப்புறம் உடம்பு. அப்புறம் அது பாலனாக இருக்காது. அவர் ஆடி, நாலு பேருக்கு வாக்குச் சொல்லி முடித்ததும் நான் வேறு ஓர் அடிக்கு மாற வேண்டும். அது மெதுவாக இறங்குகிற அடி. நாலைந்து நிமிஷம் அதை அடித்தால் சாமி மலையேறிவிடும், பாலன் பொத்தென்று உட்கார்ந்து தண்ணீர் கேட்பார். எங்கள் தோட்டத்தில் இதற்கு ஒரே ஒரு சட்டம். கூப்பிட்டவன்தான் அனுப்ப வேண்டும். எவன் மேளத்துக்கு இறங்கியதோ அவன் மேளத்துக்குத்தான் ஏறும். வேறு யார் அடித்தாலும் செல்லாது.

அந்த வருஷத் திருவிழாவுக்கு முந்தின நாள் நான் சம்சுச் சாராயம் குடித்தேன். சாமியாடுகிறவன் மட்டுமில்லை, மேளக்காரனும் விரதம் இருக்க வேண்டும். உன் அம்மா அதைச் சொன்னாள். கத்தவில்லை, சோற்றைப் போட்டுக்கொண்டே மெதுவாகத்தான் சொன்னாள். நான் அவளை அறைந்தேன். தட்டு போய்ச் சுவரில் விழுந்தது, பலகைச் சுவரில். இது உனக்குத் தெரியுமா தெரியாதா என்று எனக்குத் தெரியாது. உன் அம்மா சொல்லியிருக்க மாட்டாள். நானே சொல்லிவிடுகிறேன். அது முதல் தடவையும் இல்லை.

மறுநாள் மத்தியானம் கோயில் வாசலில் தோட்டமே நின்றது. ஆபீஸ் கணக்கு பார்க்கிற கிராணி குடும்பத்தோடு வந்திருந்தார், வேலை வாங்குகிற மண்டோர்கள் எல்லாரும் வந்திருந்தார்கள். எங்கள் அடியைப் பதிவு செய்து பிறகு கேட்டுப் பார்க்கலாம் என்று நம் வீட்டுக் கேசட் ரேடியோவை எடுத்து வந்து உன் அம்மாவிடம் கொடுத்திருந்தேன். ஒரு கையில் உன்னைத் தூக்கிக்கொண்டு, இன்னொரு கையில் அதைப் பிடித்துக்கொண்டு முன்வரிசையில் நின்றாள். கன்னம் வீங்கியிருந்தது. பல்வலி என்று கேட்டவர்களுக்குச் சொன்னாள். நான் அடித்தேன், பாலனுக்கு வந்தது, நன்றாகத்தான் வந்தது. இரண்டு பேருக்கு வாக்குச் சொன்னார். மூன்றாவதாக யாரும் கேட்காமலே திரும்பி என் முன்னால் வந்து நின்றார். கண் என் மேல் இருந்தது, ஆனால் என்னைப் பார்க்கவில்லை.

“நேத்து பொம்பளைய கை நீட்டுனவன் மேளத்துக்கு நான் எறங்கி ஆடணுமா?”

எல்லாரும் உன் அம்மாவைப் பார்த்தார்கள். அப்புறம் என்னை. என் மானம் போனதைப் பற்றி இப்போது எழுதினால் சிரிப்புத்தான் வரும், ஆனால் அன்றைக்கு ரத்தம் முழுக்கத் தலைக்கு ஏறியது. இது சாமி இல்லை, பக்கத்து வீட்டுக்காரன், பலகைக்கு அந்தப்பக்கம் காதை வைத்துக் கேட்டுவிட்டு வேஷம் போடுகிறான் என்று நினைத்தேன். நினைத்ததோடு விட்டிருக்கலாம். சாமியாக இருந்தால் என் மேளம் இல்லாமல் ஆடட்டும், பார்க்கலாம் என்று குச்சியைக் கீழே போட்டேன். உறுமி நின்றதும் மற்ற மேளங்களும் ஒவ்வொன்றாக நின்றன.

பாலன் நிற்கவில்லை.

உன் கேசட்டில் இருப்பது அதற்குப் பிறகு வந்த இரண்டு நிமிஷம். மேளம் இல்லாமல் ஒரு மனிதன் மண்ணில் மிதித்து ஆடுகிற சத்தம். காற்சலங்கை. மூச்சு. அப்புறம் அந்தக் குரல். நீ எட்டு மடங்கு இழுத்துவிட்டதால் உனக்கு அது உறுமலாகத்தான் கேட்கும். எனக்கு வார்த்தை தெரியும். “அனுப்பிவுடுடா” என்கிறார். “என்னை அனுப்பிவுடுடா.” ஒன்பது தடவை சொல்கிறார். நான் குச்சியை எடுக்கவில்லை. உறுமியைத் தோளில் மாட்டிக்கொண்டு வீட்டுக்கு நடந்தேன். கேசட்டின் கடைசியில் டக் என்று ஒரு சத்தம் வருமே, அது உன் அம்மாவின் கட்டைவிரல். அதற்கு மேல் அவளால் கேட்க முடியவில்லை. தேவையில்லாத சத்தம் என்று நீ அதை வெட்டி எறிந்திருப்பாய்.

நான் போன பிறகு தண்ணீரை ஊற்றி, திருநீறு பூசி, இரண்டு பேர் பிடித்து உட்கார வைத்திருக்கிறார்கள். சாயந்திரத்துக்குள் சரியாகிவிடும் என்று எல்லாரும் கலைந்து போனார்கள். சரியாகவில்லை. பாலன் பேசவில்லை, யாரையும் தெரியவில்லை. வீட்டு வாசற்படியில் உட்கார்ந்திருந்தார். வலது கால் மட்டும் அந்த அடியைப் போட்டுக்கொண்டே இருந்தது. பவுனு சோற்றை உருட்டி ஊட்டுவாள், வாய் மெல்லும், கால் ஆடும். பலகைச் சுவர் வழியாக எனக்குக் கேட்கும். சாப்பிட உட்கார்ந்தால் கேட்கும். படுத்தால் தலைக்குக் கீழே கேட்கும். நம் வீட்டுக் கோழிகள் அந்தப் பக்கம் மேய்வதை நிறுத்திவிட்டன. டாக்டரிடம் கூட்டிப் போனார்கள், ஊசி போட்டார், கால் ஊசிக்கும் நிற்கவில்லை.

இரண்டாம் நாள் காலையில் பவுனு என் வாசலில் வந்து நின்றாள். “ஒருக்கா வந்து அடிச்சு வுட்டுருங்கண்ணே. அவரு சொன்னதை மனசுல வச்சுக்காதீங்க,” என்றாள். அவள் கை கூப்பியிருந்தது. நாலைந்து நிமிஷ வேலை, கதிர். நீ பல் துலக்குகிற நேரம். நான் என்ன சொன்னேன் தெரியுமா? மேளத் தோல் கிழிந்துவிட்டது, சிரம்பானுக்குக் கொண்டுபோய் மாற்ற வேண்டும், நாலு நாள் ஆகும் என்றேன். அவள் நம்பினாள். அவள் போன பிறகு, வந்து பார்ப்பார்களோ என்று பயந்து, பழம் அறுக்கிற கத்தியை எடுத்து நானே தோலைக் கிழித்தேன். உன் அம்மா அடுப்படியில் நின்று பார்த்தாள். அதன் பிறகு அவள் என்னோடு பேசிய எதுவும் பழைய மாதிரி இல்லை, சாகிற வரைக்கும்.

மூன்றாம் நாள் பட்டப்பகலில் பாலன் எழுந்து செம்பனைக்குள் நடந்து போனார். ஆலையின் கழிவுக்குளத்தில் கண்டெடுத்தோம். அந்தக் குளம் எப்போதும் கொதிப்பது போல் குமிழ் விட்டுக்கொண்டிருக்கும், பழுப்பாக, நாற்றமாக. தூக்கியவர்களில் நானும் ஒருவன். வலது காலை நான்தான் பிடித்தேன். தவறி விழுந்தார் என்று எழுதிக்கொண்டார்கள். உனக்கும் அப்படித்தான் சொல்லி வளர்த்தோம்.

அது சாமியா, மூளைக்கோளாறா, எனக்குத் தெரியாது. சாமியே இல்லை என்று நீ சொன்னால் நான் சண்டைக்கு வரமாட்டேன். ஒரு மனிதன் ஒன்பது தடவை கேட்டான், என்னால் முடியும் என்று எனக்குத் தெரிந்திருந்தது, நான் செய்யவில்லை. இதற்குச் சாமி எதற்கு?

அதற்குப் பிறகுதான் தோட்டத்தை விட்டு ராசாவுக்கு வந்தோம். நான் செக்யூரிட்டி வேலை, உன் அம்மா தொழிற்சாலை. உன்னைப் பார்த்துக்கொள்ள ஆள் இல்லை. பவுனுதான் வந்தாள். அவளுக்குப் பிள்ளை இல்லை. நாலு வருஷம் உன்னைக் குளிப்பாட்டி, ஊட்டி, பாலர்பள்ளிக்குக் கூட்டிப்போய்க் கூட்டிவந்தாள். அவள் கையால் என் பிள்ளை சாப்பிடுவதைப் பார்க்க என்னால் முடியாது, அதனால்தான் எப்போதும் பகல் ஷிப்டு கேட்டு வாங்கினேன். எப்போதாவது பேச்சு வந்தால் அவளே எனக்கு ஆறுதல் சொல்வாள். “உங்க மேளமும் அன்னைக்குத்தானா கிழியணும், நேரம்ணே” என்பாள். நான் தலையாட்டுவேன்.

உனக்கு ஐந்து வயசில் பால்டின்னைக் கவிழ்த்துப் போட்டுக் கரண்டியால் தட்டிக்கொண்டிருந்தாய். நான் கரண்டியைப் பிடுங்கி வெளியே எறிந்தேன். மூன்று நாள் என்னோடு பேசவில்லை நீ. மேளம் கற்றுக்கொள்கிறேன் என்று பதினொரு வயசில் கேட்டபோது முடியாது என்று சொல்லி, சிரம்பானுக்குக் கூட்டிப்போய் ஒரு கீபோர்டு வாங்கிக் கொடுத்தேன். ஏன்பா இது என்றாய், படிப்புக்கு நல்லது என்று உளறினேன். உண்மை என்ன தெரியுமா? அதற்கு ஒரு சுவிட்ச் இருந்தது. அணைத்தால் அணைந்துவிடும், யாரையும் எங்கேயும் தொங்க விடாது என்று நினைத்தேன். உன் தொழிலே அப்படித்தான் தொடங்கியது. பத்திரிகைக்காரர்கள் கேட்டால் இதைச் சொல்லாதே.

இப்போது உன் வேலைக்கு வருகிறேன். எனக்கு சுரம் தெரியாது, உன் மெஷின் தெரியாது. ஆனால் கூட்டத்தைக் கூப்பிட்டு ஏற்றுவது தெரியும், அதையே நீயும் செய்கிறாய். இருட்டில் உட்கார்ந்திருக்கும் இருநூறு பேருடைய மூச்சைக் கையில் எடுத்துக்கொள்கிறாய். எடுத்ததைத் திருப்பிக் கொடுக்க வேண்டாமா? உன் கடைசிக் காட்சியையும் அன்றைக்கு நான் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தபோது போட்டுக் காட்டினாய். வயலின்களும் மெஷினும் அந்தக் குரலும் உச்சிக்குப் போய், படாரென்று எல்லாம் நின்றுவிடுகிறது. திரை கறுப்பு. டைரக்டருக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது என்றாய். அதே இடம், கதிர். நான் குச்சியைப் போட்ட அதே இடத்தில், எதுவும் தெரியாமல், நீயும் நிறுத்தியிருக்கிறாய். அந்த இரண்டு நிமிஷத்தை எட்டு இடத்தில் போட்டிருக்கிறாய், ஒரு இடத்தில்கூட அவரை அனுப்பவில்லை. அன்றிலிருந்து நம் வீட்டுக் குளிர்பெட்டியின் முனகல்கூட அந்தச் சுருதியில்தான் கேட்கிறது. வயசாகிவிட்டது என்று சொல்லிக்கொள்கிறேன்.

எனக்கு மட்டும் தெரிந்த விஷயமாக இருந்திருந்தால் பேசாமல் இருந்திருப்பேனோ என்னவோ. வழக்கமாக நான் அப்படித்தானே. ஆனால் பவுனு முதல் நாள் முதல் காட்சிக்குச் சிரம்பான் வருகிறாள். ரெம்பாவில் அவள் வேலை செய்கிற பள்ளிக்கூடக் கேண்டீனில் எல்லாரிடமும் சொல்லி வைத்திருக்கிறாள், நான் வளர்த்த பிள்ளை போட்ட மியூசிக் என்று. புதுச் சேலை எடுத்திருக்கிறாள். அந்த இருட்டில் உட்கார்ந்து, தன் புருஷன் கெஞ்சுவதைப் பேயின் குரலாக அவள் கேட்க வேண்டுமா? நீ எத்தனை மடங்கு இழுத்தாலும் அவளுக்குத் தெரிந்துவிடும். மூன்று நாள் அந்த வாயைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவள் அவள்.

அதனால் முந்தாநாள் காலை ரெம்பாவுக்குப் போனேன். அன்றைக்குக் கிளம்பும்போது நீ திருப்பிக் கொடுத்த கேசட்டையும் அந்தப் பழைய ரேடியோவையும் பசார் பையில் போட்டு எடுத்துக்கொண்டு போனேன். பள்ளி விடுமுறை, வீட்டில்தான் இருந்தாள். பாலில்லாத டீ, தே ஓ போட்டுக் கொடுத்தாள். எல்லாவற்றையும் சொன்னேன். கத்தியைப் பற்றிச் சொன்னபோது அவள் முகத்தில் ஒன்றும் மாறவில்லை, கையிலிருந்த கண்ணாடி கிளாஸை மட்டும் கீழே வைத்துவிட்டாள். அழுவாள், திட்டுவாள், அடிப்பாள் என்று நினைத்துக்கொண்டு போனேன். போடுங்க கேப்போம் என்றாள்.

போட்டேன். அவள் வீட்டுச் சிமெண்டுத் தரையில் என் மேளம் மறுபடி அடித்தது. நின்றது. பாலன் கெஞ்சினார், ஒன்பது தடவை. உன் அம்மாவின் விரல், டக். அப்புறம் வெறும் நாடா ஓடுகிற சத்தம். பவுனு காத்துக்கொண்டிருந்தாள். கொஞ்ச நேரம் போனதும் என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

“மிச்சம் எங்கண்ணே?”

மிச்சம் இல்லை என்றேன். அவ்வளவுதான் இருக்கிறது என்றேன். அவள் தலையசைத்தாள். உன் படத்தில் இது இருக்கிறது என்பதையும் அப்போதுதான் சொன்னேன். எடுக்கச் சொல்கிறேன் பவுனு, அவன் எடுத்துவிடுவான் என்றேன். ரேடியோவை வைத்துவிட்டுப் போங்கள் என்றாள். நான் வாசலில் செருப்பை மாட்டும்போது சொன்னாள்:

“கதிர வரச் சொல்லுங்க. நீங்க இனிமே வர வேணாம்.”

அண்ணே என்று சொல்லவில்லை. இருபத்தொன்பது வருஷத்தில் முதல் தடவை. கேட்டைத் திறந்துகொண்டிருந்தபோது உள்ளே நாடாவைத் திருப்பிச் சுற்றுகிற சத்தம் கேட்டது, அப்புறம் மறுபடி என் மேளம். திரும்பிப் பார்த்தேன். ஜன்னல் வழியாக அவள் நாற்காலி தெரிந்தது. கையை மடியில் வைத்துக்கொண்டு அசையாமல் உட்கார்ந்திருந்தாள். சேலைக்குக் கீழே வலது கால் மட்டும் தரையில் தட்டிக்கொண்டிருந்தது. கேசட்டில் மேளம் நின்ற பிறகும் நிற்கவில்லை. நான் பார்த்துக்கொண்டே நின்றேன்.

பழக்கத்தில் தட்டியிருப்பாள். அறுபது வயசுக்காரிக்கு நரம்பாக இருக்கலாம். பஸ்ஸில் வரும்போதெல்லாம் இதைத்தான் எனக்கு நானே சொல்லிக்கொண்டு வந்தேன்.

அந்தக் குரலை எடுத்துவிடு என்று நான் உனக்குக் கட்டளை போடப் போவதில்லை. எடுத்தால் உன் நாற்பது பேருக்கும் பிடித்துக்கொள்ள ஒரு சுருதி இருக்காது, எட்டு மாத வேலை போய்விடும், இரண்டாம் முறை உன்னை யாரும் கூப்பிட மாட்டார்கள் என்று எனக்குத் தெரியும். வைப்பதா எடுப்பதா என்று பவுனு சொல்லட்டும், அது அவளுடையது. வைக்கச் சொன்னாள் என்றால் அவரை அனுப்பவும் செய். அந்த இறங்குகிற அடியை மறுபக்கத்தில் எனக்குத் தெரிந்த மாதிரி எழுதியிருக்கிறேன், எண்ணிக்கை போட்டு. வயலினுக்கு மாற்றுவாயோ மெஷினுக்கு மாற்றுவாயோ உன் பாடு. டைரக்டர் முகம் சுளித்தாலும் திரை கறுப்பான பிறகு அந்த நாலைந்து நிமிஷம் ஓடட்டும். இந்தத் தடவை கூப்பிட்டவன் நீ.

வெள்ளிக்கிழமைக்கு முன்னால் ரெம்பாவுக்குப் போ. பகலில் போ. அவள் போடுகிற தே ஓவைக் குடி, சொல்வதை முழுக்கக் கேள், நடுவில் “சரி அத்தை” போடாதே. பேசும்போது அவள் முகத்தைப் பார்க்காதே, காலைப் பார். அது சும்மா இருந்தால் நீ நிம்மதியாக விமானம் ஏறு, எனக்கு ஒன்றும் சொல்ல வேண்டாம். ஆடிக்கொண்டிருந்தால் வாசலுக்கு வந்து எனக்கு ஒரு போன் செய். வர வேண்டாம் என்று அவள் சொன்னது எனக்கு மறக்கவில்லை. ஆனாலும் வருவேன்.

நேற்று சிரம்பானுக்குப் போய் மேளத்துக்குத் தோல் மாற்றிவிட்டேன்.

அப்பா